அல்வாப் பக்குவமும் அம்பை பதினாறும்: மரபணு நம்மைப் பற்றி என்ன சொல்கிறது?

போன ஆவணியில் பாளையங்கோட்டையில் ஒரு கல்யாணம். மறுவீட்டுப் பந்தியில் சொதி ஊற்றிக்கொண்டு வந்தார்கள். இஞ்சித் துவையல் இலையில் விழுந்த கையோடு பேச்சு மாப்பிள்ளை பக்கம் திரும்பியது. மாப்பிள்ளை டாக்டர், அவர் அப்பா டாக்டர், தாத்தா அந்தக் காலத்து எல்.எம்.பி. டாக்டர். என் பெரியப்பா தலையை ஆட்டிக்கொண்டே சொன்னார்: "படிப்பு அவ்வொ ரத்தத்துலயே இருக்குல்லாடே. எல்லாம் ஜீன்."

எதிர் இலைக்காரர் விடவில்லை. "குடியும் அப்படித்தான். அப்பன் குடிச்சான், மவன் குடிக்கான்." மூன்றாவது ஒருவர், பெண் பிள்ளைகளுக்குக் கணக்கு ஏறாததற்கும் ஏதோ ஜீன் இருப்பதாக வாட்ஸ்அப்பில் படித்தாராம். பாயசம் வருவதற்குள் படிப்பு, குடி, கணக்கு மூன்றுக்கும் காரணம் கண்டுபிடித்தாயிற்று.

"புலிக்குப் பிறந்தது பூனையாகுமா", "நூலைப் போல சேலை" என்று காலங்காலமாகச் சொல்லி வந்ததற்கு இப்போது அறிவியல் முத்திரை குத்திக்கொள்கிறோம், அவ்வளவுதான். உண்மையில் மரபணு அறிவியல் இந்தப் பேச்சில் கொஞ்சத்தை ஒத்துக்கொள்கிறது, நிறையவற்றை மறுக்கிறது. எதை, எங்கே என்பதைப் பள்ளிக்கூட உயிரியலை மறந்துபோனவர்களுக்கும் புரிகிற மாதிரி எழுதிப் பார்க்கிறேன்.

அல்வாவிலிருந்து தொடங்கலாம்

அல்வா கிண்டுவதைப் பக்கத்தில் நின்று பார்த்திருக்கிறீர்களா? சம்பா கோதுமையை ஊறவைத்து, ஆட்டி, பால் பிழிவார்கள். அந்தப் பாலை அசையாமல் வைத்தால் மேலே தெளிந்த நீர் நிற்கும். அதை இறுத்துவிட்டு, அடியில் தங்கிய கெட்டிப் பாலைச் சர்க்கரைப் பாகில் விட்டுக் கிண்டத் தொடங்கினால் அப்புறம் கை ஓயக்கூடாது. நெய்யைக் கொஞ்சம் கொஞ்சமாக விட வேண்டும். குடித்த நெய்யை அல்வா திரும்பக் கக்க ஆரம்பிக்கும்போது இறக்க வேண்டும். என் அத்தை இதை ஒரு பழைய டைரியில் அளவோடு எழுதி வைத்திருந்தாள்.

அத்தை மகள் அந்த டைரியை வைத்துக்கொண்டு சென்னையில் மூன்று தடவை கிண்டினாள். அல்வா வந்தது, நம் ஊர் ருசி வரவில்லை. "தாமிரபரணித் தண்ணி இல்லைல்லா" என்று அத்தை முடித்துவிட்டாள். தண்ணீரா, தீயா, கிண்டிய கையா என்ற சண்டை எங்கள் வீட்டில் இன்னும் தீரவில்லை.

அந்த டைரிக் குறிப்புதான் மரபணு. நம் உடம்பின் ஏறத்தாழ ஒவ்வொரு செல்லிலும் டி.என்.ஏ. என்ற நீண்ட இழை இருக்கிறது. நான்கே நான்கு வேதி எழுத்துகளால் எழுதிய புத்தகம் என்று அதை வைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் சுமார் 300 கோடி எழுத்துகள். புத்தகம் 23 தொகுதிகளாகப் பிரிந்திருக்கிறது. தொகுதிக்கு குரோமோசோம் என்று பெயர். ஒவ்வொரு தொகுதியிலும் அப்பா வழியில் ஒரு படி, அம்மா வழியில் ஒரு படி என இரண்டு படிகள். இந்தப் புத்தகத்தில் ஒரு பண்டத்துக்கான ஒரு குறிப்பே ஒரு மரபணு. பண்டம் என்பது இங்கே புரதம். ரத்தத்தைச் சிவப்பாக்குவதும், தின்ற சோற்றைச் செரிக்க வைப்பதும், தசையைச் சுருங்க வைப்பதும் புரதங்களே.

மனிதப் புத்தகத்தை முழுதாகப் படிக்கும் திட்டம் 1990-இல் தொடங்கி 2003-இல் நிறைவு பெற்றதாக அறிவிக்கப்பட்டது. ஒரு லட்சம் குறிப்பாவது இருக்கும் என்று பலர் நினைத்திருந்தார்கள். புரதம் செய்யும் குறிப்புகள் சுமார் 20,000 மட்டுமே என்று தெரியவந்தது. நம் வயலில் நிற்கும் நெல்லுக்கு 37,000-க்கு மேல்! மனிதன் என்ற கர்வம் உள்ளவர்கள் இதைக் கொஞ்சம் மென்று விழுங்கத்தான் வேண்டும்.

அந்த 20,000-இல் 'டாக்டராகு' என்றோ 'குடி' என்றோ ஒரு குறிப்பும் கிடையாது. 'இந்தப் புரதத்தை இப்படிச் செய்' என்பதோடு குறிப்பு நின்றுவிடும். அங்கிருந்து மூளை, மூளையிலிருந்து மனசு, மனசிலிருந்து நடத்தை என்று போகிற வழி நெடுக, தீயும் தண்ணீரும் கிண்டுகிற கையும் குறுக்கிடுகின்றன.

இதுவரை சொன்னது இவ்வளவே: மரபணு என்பது புரதம் செய்வதற்கான குறிப்பு. குறிப்பு இல்லாமல் பண்டம் இல்லை. குறிப்பை மட்டும் வாசித்துப் பண்டத்தின் ருசியைச் சொல்லவும் முடியாது.

ஒரே வயிற்றில் பிறந்தும் ஏன் வேறு வேறு?

அண்ணன் நெட்டை, தம்பி குட்டை. அக்கா மாநிறம், தங்கை சிவப்பு. அப்பாவிடம் 23 தொகுதிகளும் இரண்டிரண்டு படிகளாக இருக்கின்றன. ஒவ்வொரு பிள்ளைக்கும் தொகுதிக்கு ஒரு படி வீதம்தான் கொடுக்கிறார். எந்தப் படி போகும் என்பது சீட்டுக் குலுக்கிப் போடுகிற கதை. இப்படி ஓர் ஆள் 84 லட்சம் விதமாகக் கொடுக்க முடியும். அம்மாவும் அதேபோல. போதாததற்கு, கொடுப்பதற்கு முன் இரண்டு படிகளும் இடையிடையே பக்கங்களை மாற்றிக்கொள்ளும். அதனால் உடன்பிறந்தவர்கள் சராசரியாகப் பாதிதான் பகிர்கிறார்கள்.

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லாமல் தாண்ட மனசு வரவில்லை. வரிசையாகப் பெண் பெற்றவளை நம் ஊர் என்னவெல்லாம் பேசியிருக்கிறது! அவள் ராசி, அவள் வயிறு, இரண்டாம் தாரம் என்று போய்விட்ட வீடுகள் எத்தனை. பிள்ளை ஆணா பெண்ணா என்பதை முடிவு செய்வது 23-ஆவது தொகுதி. அம்மாவிடம் இருப்பது இரண்டும் எக்ஸ். அப்பாவிடம் ஓர் எக்ஸ், ஒரு ஒய். அம்மா எப்போதும் எக்ஸைத்தான் கொடுக்க முடியும். அப்பாவிடமிருந்து எது வருகிறதோ அதன்படிதான் பிள்ளை. நெட்டி ஸ்டீவன்ஸ் என்ற அமெரிக்கப் பெண் விஞ்ஞானி 1905-இல் ஒரு மாவு வண்டை ஆராய்ந்து இதற்கு வழி திறந்தார். நூறு வருஷத்துக்கு மேலாகிவிட்டது. இன்னும் சில வீடுகளுக்குச் செய்தி போய்ச் சேரவில்லை.

'ஏலே' எந்த மரபணுவில் இருக்கிறது?

குடும்பத்தில் தலைமுறை தலைமுறையாக ஓடுவதெல்லாம் மரபணுதான் என்று நினைப்பது முதல் தவறு. எங்கள் குடும்பத்தில் நான்கு தலைமுறையாகத் தவறாமல் ஓடுவது 'ஏலே'தான். தாத்தா சொன்னார், அப்பா சொன்னார், நான் சொல்கிறேன், என் மகன் சொல்கிறான். ஒருத்தர்கூட விடுபடவில்லை. இதைவிடச் சுத்தமாகக் குடும்பத்தில் ஓடுகிற ஒன்றைக் காட்டுங்கள் பார்ப்போம். ஆனால் நம் பக்கத்திலிருந்து மும்பை தாராவிக்குப் போன குடும்பங்களின் பேரப்பிள்ளைகளைப் பாருங்கள், வாயைத் திறந்தால் இந்தி. குறிப்புப் புத்தகம் மாறவில்லை, தெரு மாறியது.

டாக்டர் வீட்டுப் பிள்ளைக்கு மரபணுவோடு சேர்ந்து வேறு என்னென்ன கிடைக்கிறது? விளையாட ஸ்டெதஸ்கோப், பாடம் சொல்லித்தர ஆள், டியூஷன் பணம், ஒரு வருஷம் வீட்டிலிருந்து மறுபடி தேர்வு எழுதுகிற வசதி, 'நீயும் டாக்டர்தான்' என்று ஐந்து வயதிலிருந்து காதில் விழுகிற பேச்சு. இதில் எது எவ்வளவு வேலை செய்தது என்று பந்தியில் உட்கார்ந்து பிரிக்க முடியாது.

விஞ்ஞானிகள் பிரிக்க முயன்ற ஒரு வழி இரட்டையர்கள். ஒரே கரு இரண்டாகப் பிரிந்து பிறந்தவர்களுக்குக் குறிப்புப் புத்தகம் ஏறத்தாழ அப்படியே ஒன்று. இரண்டு கருவாக உருவாகிப் பிறந்தவர்கள் சாதாரண அண்ணன் தம்பி அளவுக்கே ஒத்தவர்கள். இரண்டு வகையினரும் ஒரே வீட்டில், ஒரே நேரத்தில் வளர்கிறார்கள். முதல் வகையினர் ஒரு குணத்தில் இரண்டாம் வகையினரைவிட அதிகமாக ஒத்திருந்தால், அதில் மரபணுவுக்குப் பங்கு இருக்கிறது என்று கணக்கிடுகிறார்கள். இந்தக் கணக்கில் குறைகள் உண்டு. ஆனாலும் சுபாவம், அறிவுத் தேர்வு மதிப்பெண், குடிக்கு அடிமையாகும் வாய்ப்பு என்று எதை எடுத்தாலும் ஏதோ ஒரு பங்கு வந்துகொண்டே இருக்கிறது. ஆகவே பெரியப்பா சொன்னது முழுப் பொய் இல்லை. பிறக்கும்போது மனசு வெள்ளைத் தாள் என்று சொல்கிறவர்களும் தவறுகிறார்கள். அதை ஒத்துக்கொண்டு மேலே போவோம்.

ஒற்றைக் கோரையில் பூ இல்லை

பத்தமடைப் பாய் நெய்வதைப் பார்த்தவர்களுக்கு இது சட்டென்று புரியும். தாமிரபரணிக் கரையோரத்துக் கோரையைக் கீறி, ஊறவைத்து, மெல்லிசாக்கி, சாயம் ஏற்றுவார்கள். பட்டுப்பாயில் ஓர் ஓரத்தில் மணமக்கள் பெயரே நெய்து வரும். அந்தப் பெயர் எந்தக் கோரையில் இருந்தது? எதிலும் இல்லை. ஒரு கோரையை உருவிவிட்டால் பெயர் அழிந்துவிடாது. எத்தனையோ கோரைகள் சேர்ந்த இடத்தில்தான் பெயர் தெரிகிறது.

நம் குணங்களில் பெரும்பாலானவை இப்படித்தான். 2022-இல் 50 லட்சத்துக்கும் அதிகமான பேரின் டி.என்.ஏ.வை ஒப்பிட்டு உயரத்தைப் பற்றி ஓர் ஆய்வு வந்தது. உயரத்தோடு தொடர்புள்ளவையாகச் சுமார் 12,000 எழுத்து மாற்றங்கள் தேறின. ஒவ்வொன்றின் பங்கும் கடுகளவு. நாடாவால் அளந்துவிடக்கூடிய உயரத்துக்கே இந்தப் பாடு. படிப்பு, கோபம், ஒழுக்கம் எல்லாம் எந்த மூலைக்கு?

அதனால் 'கோப ஜீன்', 'சோக ஜீன்' என்று வருகிற செய்திகளைக் கொஞ்சம் தள்ளி வையுங்கள். மனச்சோர்வுக்குக் காரணம் என்று 2003-க்குப் பிறகு நூற்றுக்கணக்கான கட்டுரைகளில் பேசப்பட்ட ஒரு மரபணு இருந்தது. 2019-இல் லட்சக்கணக்கானவர்களின் தகவலை வைத்துச் சரிபார்த்தபோது அந்தக் கதை நிற்கவில்லை. நாளிதழ்கள் முதல் செய்தியைக் கொட்டை எழுத்தில் போட்டன. இரண்டாவது செய்தி எத்தனை பேர் கண்ணில் பட்டது?

ஒற்றை மரபணு வேலை செய்கிற இடங்களும் உண்டு. சில ரத்த நோய்கள், சில தசை நோய்கள் ஒரே குறிப்பில் வந்த பிழையால் வருகின்றன. அது நோயின் கதை. குணத்தின் கதைக்கு அதை அப்படியே நீட்டக்கூடாது.

தலைமடையும் கடைமடையும்

இப்போது இந்த விஷயத்திலேயே அதிகமாகத் தப்பாகப் புரிந்துகொள்ளப்பட்ட சொல்லுக்கு வருவோம். ஆங்கிலத்தில் ஹெரிட்டபிலிட்டி என்பார்கள். நாம் 'மரபுப் பங்கு' என்று வைத்துக்கொள்வோம். ஒரு கூட்டத்தில் ஆளுக்கு ஆள் தெரிகிற வித்தியாசத்தில் எவ்வளவு பங்கு மரபணு வித்தியாசத்தால் வந்தது என்பதைச் சொல்லும் அளவு அது. 'உயரத்தின் மரபுப் பங்கு 80 சதவீதம்' என்று படித்திருப்பீர்கள். உடனே, 'என் ஐந்தரை அடியில் 80 சதவீதம் ஜீன் கொடுத்தது, மிச்சம் அம்மா போட்ட சோறு' என்று கணக்குப் போடுகிறோம். அதற்கு அந்தப் பொருள் கிடையாது.

வயலுக்குப் போவோம். அம்பாசமுத்திரம் நெல் ஆராய்ச்சி நிலையம் கொடுத்த அம்பை 16 நம் பக்கத்தில் தெரியாத விவசாயி கிடையாது. குண்டு அரிசி, இட்லிக்கு ஏற்றது, குட்டைப் பயிர். கார் பருவத்தில் ஒரே மூட்டை அம்பை 16 விதையைக் கால்வாயின் தலைமடை வயலிலும் கடைமடை வயலிலும் நடுகிறோம். தலைமடையில் தண்ணீர் நிற்கிறது. கடைமடைக்காரர் முறை வைத்து, ராத்திரி மண்வெட்டியோடு காவல் இருந்து, சண்டை போட்டு வாங்கும் தண்ணீர் பாதி நாள் வருவதே இல்லை. அறுப்பில் இரண்டு வயலுக்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். விதை ஒன்றே என்பதால் இந்த வித்தியாசத்தில் மரபுப் பங்கு சுழியம்.

அடுத்து, நெட்டை நாட்டு ரகம், அம்பை 16, இன்னும் நாலைந்து ரகங்களின் விதையை ஒன்றாகக் கலந்து தலைமடை வயலில் மட்டும் விதைப்போம். நீர், உரம், வெயில் எல்லாம் ஒன்று. பயிர்கள் நெட்டையும் குட்டையுமாக நிற்கும். காரணம் விதைதான். இங்கே மரபுப் பங்கு கிட்டத்தட்ட நூறு சதவீதம்.

கவனியுங்கள், நெல்லின் குணம் மாறவில்லை. வயலின் நிலைமை மாறியதும் அளவு சுழியத்திலிருந்து நூறுக்குப் போய்விட்டது. மரபுப் பங்கு விதைக்குள் ஒட்டிவைத்த எண் கிடையாது. இந்த விதைகள், இந்த வயல், இந்தப் பருவம் மூன்றும் சேர்ந்தால்தான் அந்த எண்ணுக்கே அர்த்தம்.

மூன்றாவது சோதனைதான் முக்கியம். கலந்த விதையில் ஒரு கை தலைமடையில், ஒரு கை கடைமடையில். இரண்டு வயலிலும், வயலுக்குள் தெரியும் வித்தியாசம் முழுக்க விதையால்தான். அப்படியென்றால் தலைமடை வயல் சராசரியாக அதிகம் விளைந்ததும் விதையால்தானே? இல்லை, அது தண்ணீர். ஒரு கூட்டத்துக்குள் மரபுப் பங்கு எவ்வளவு பெரிதாக இருந்தாலும், இரண்டு கூட்டங்களுக்கு நடுவே உள்ள வித்தியாசத்தைப் பற்றி அது ஒன்றும் சொல்லாது. 'அந்தச் சாதிக்காரர்களுக்குப் படிப்பு வரும், இவர்களுக்கு வராது' என்று பேசுகிறவர்கள் சறுக்குவது சரியாக இந்த வரப்பில்தான். கடைமடைப் பயிரைப் பார்த்து விதையைத் திட்டுகிறார்கள்.

பெண்களுக்குக் கணக்கு ஏறாது என்ற வாட்ஸ்அப் மேதைக்கும் இதுவே பதில். பாளையங்கோட்டையில் சாராள் தக்கர் கல்லூரி 1895-இல் வந்தபோது, பெண் கல்லூரி வரை படிப்பது ஊருக்கே அதிசயம். அன்றைக்கு யாராவது ஆண் பெண் படிப்பை அளந்திருந்தால், 'இயற்கையே இப்படி வைத்திருக்கிறது' என்று எழுதியிருப்பார்கள். இன்று தமிழ்நாட்டில் வருஷா வருஷம் பிளஸ் டூ முடிவில் மாணவிகளின் தேர்ச்சி விகிதம்தான் மேலே. நடுவில் ஓடியது நாலைந்து தலைமுறை. அதற்குள் மரபணு இந்த வேகத்தில் மாறாது. மடை திறந்தது, அவ்வளவுதான்.

சுருக்கிச் சொன்னால்: மரபுப் பங்கு ஒரு கூட்டத்தைப் பற்றிய அளவு, தனி ஆளைப் பற்றியது கிடையாது. சூழல் மாறினால் அதுவும் மாறும். இரண்டு கூட்டங்களை ஒப்பிட அது உதவாது.

மரபணுவால் வந்தது மாறாதா?

உயரத்துக்கு மரபுப் பங்கு அதிகம் என்றோம். தென் கொரியப் பெண்களின் சராசரி உயரம் நூறு ஆண்டுகளில் சுமார் 20 சென்டிமீட்டர் கூடியிருக்கிறது. ஒரு சாண்! சோறும் சுகாதாரமும் மாறியதில் மொத்த வயலும் உயர்ந்துவிட்டது.

பினைல்கீட்டோன்யூரியா என்று வாயில் நுழையாத பெயருடைய நோய் ஒன்று உண்டு. ஒற்றை மரபணுப் பிழை. உணவில் இருக்கும் ஒரு குறிப்பிட்ட புரதக் கூறை உடம்பால் கையாள முடியாமல், அது மூளையைக் கெடுத்துவிடும். முழுக்க முழுக்கப் பிறவி நோய். ஆனால் பிறந்த சில நாட்களில் கண்டுபிடித்து, அந்தக் கூறு குறைந்த உணவாகக் கொடுத்து வளர்த்தால் பிள்ளை மற்றப் பிள்ளைகளைப் போலவே வளரும். பிழை அப்படியே இருக்கிறது, விளைவைக் காணோம்.

வெளிநாடு எதற்கு, பாளையங்கோட்டையிலேயே பாருங்கள். பிறவியிலேயே காது கேளாமைக்கு மரபணு ஒரு பெரிய காரணம். 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஃபிளாரன்ஸ் ஸ்வெய்ன்சன் இங்கே காது கேளாதோருக்கென்று ஒரு பள்ளி தொடங்கினார். பள்ளிக்கு முன் பிறந்த பிள்ளைக்கும் பின் பிறந்த பிள்ளைக்கும் ஒரே மரபணுப் பிழை இருந்திருக்கலாம். முந்தினவன் ஊருக்கு 'ஊமை'. பிந்தினவன் எழுதப் படிக்கத் தெரிந்தவன், கைத்தொழில் கற்றவன்.

முறைப்பெண்ணும் தங்கச்சியும்

இனி நம் வீட்டு விவகாரம். அத்தை மகள் முறைப்பெண், கேலி பேசலாம், கட்டலாம். சித்தப்பா மகள் தங்கச்சி, அப்படி நினைத்தாலே பாவம். மரபணுவைக் கேட்டால் இரண்டும் ஒன்று என்கிறது. அத்தை மகள், மாமா மகள், சித்தப்பா மகள், சித்தி மகள், நால்வரும் நம்மோடு பகிர்வது சராசரியாக எட்டில் ஒரு பங்கு. நாம் உயிரைக் கொடுத்துக் காக்கிற இந்த முறை டி.என்.ஏ.யில் எழுதப்படவில்லை, நாம் வகுத்துக்கொண்டது. உலகத்தின் வேறு பகுதிகளில் சித்தப்பா மகளைக் கட்டுவதே வழக்கமாக இருக்கிறது. சமூக விதிகளை இயற்கை விதி என்று எண்ணுவது எவ்வளவு எளிது என்பதற்கு எனக்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைத்ததில்லை.

சரி, சொந்தத்தில் கட்டலாமா கூடாதா? 2019–21 தேசியக் குடும்பநல ஆய்வின்படி தமிழ்நாட்டில் நூற்றுக்கு 28 பெண்கள் உறவில் மணந்தவர்கள். நாட்டிலேயே இதுதான் அதிகம். எல்லாருடைய புத்தகத்திலும் சில குறிப்புகளில் பிழை இருக்கும். இரண்டு படி இருப்பதால் ஒன்று கெட்டாலும் மற்றது சமாளிக்கும். இரண்டும் கெட்டால்தான் வெளியே தெரிகிற பிழையை ஒடுங்கு பிழை என்பார்கள். உறவில் கட்டும்போது தாத்தாவிடமிருந்த ஒரே பிழை இரு வழியாகவும் வந்து பிள்ளையிடம் சேர வாய்ப்பு கூடுகிறது. பொதுவாகவே நூற்றுக்கு இரண்டு மூன்று பிள்ளைகளுக்குப் பிறவிக் குறை இருக்கிறது. அத்தை மகன், மாமன் மகள் கட்டினால் அதோடு இன்னும் இரண்டு மூன்று சேரும். அக்கா மகளைக் கட்டினால் பகிர்வு நாலில் ஒரு பங்கு என்பதால் ஆபத்து அதைவிட அதிகம்.

ஆகவே 'சொந்தத்தில் கட்டினால் பிள்ளை ஊனம்தான்' என்ற மிரட்டலும் மிகை. 'எங்க பாட்டன் காலத்துலேர்ந்து கட்டுதோம், ஒண்ணும் ஆகலை' என்ற தைரியமும் மிகை. குடும்பத்தில் ஏற்கெனவே ஒரு குழந்தைக்குக் காதோ தசையோ ரத்தமோ பாதித்திருந்தால், நிச்சயதார்த்தத்துக்கு முன் மரபியல் ஆலோசனைக்குப் போவது ஜாதகம் பார்ப்பதைவிட உருப்படியான காரியம்.

ரத்தம் சுத்தமா?

"எங்க ரத்தத்துல கலப்பே கிடையாது." இந்தப் பேச்சை மரபணுவைப் போல வேறெதுவும் உடைத்ததில்லை. ஐதராபாத்தின் செல் மற்றும் மூலக்கூறு உயிரியல் மையமும் ஹார்வர்டு ஆய்வாளர்களும் சேர்ந்து செய்த ஆய்வுகள் 2009-இலும் 2013-இலும் வந்தன. இந்தியாவின் ஏறத்தாழ எல்லாக் குழுக்களிலும் இரண்டு பழைய மூதாதையர் கூட்டங்களின் கலப்பு இருக்கிறது, விகிதம்தான் வேறு என்றன. இந்தக் கலப்பு ஏறத்தாழ 4200 ஆண்டுகளுக்கும் 1900 ஆண்டுகளுக்கும் இடையே நடந்தது என்று கணக்கிட்டார்கள். அதற்குப் பிறகுதான் குழுவுக்குள்ளேயே கட்டிக்கொள்ளும் வழக்கம் இறுகியது. முதலில் கலந்தோம், பிறகு கதவைச் சாத்தினோம்.

கதவைச் சாத்தியதற்கு விலையும் உண்டு. சின்னக் கூட்டம் பல நூறு ஆண்டுகள் தனக்குள்ளேயே கட்டிவந்தால், முன்னோர் ஒருவரின் பிழை கூட்டம் முழுக்கப் பரவும். மாப்பிள்ளையும் பெண்ணும் சொந்தமே இல்லையென்றாலும் சாதிக்குள் கட்டும்போது ஒடுங்கு பிழைகள் சந்தித்துக்கொள்ள அது வழி வைக்கிறது. ஆந்திரப் பக்கத்து வணிகச் சமூகம் ஒன்றில், அறுவை சிகிச்சையின்போது கொடுக்கும் ஒரு தசைத் தளர்ச்சி மருந்து சிலருக்கு உடம்பை விட்டு இறங்காமல் நின்றுவிடும். மயக்க மருந்து நிபுணர்கள் இதைத் தெரிந்து கேட்டுக்கொள்கிறார்கள்.

கலப்புக்கு நம் ஊரிலேயே சாட்சி வேண்டுமா? அல்வாவை எடுத்துக்கொள்ளுங்களேன். ராஜஸ்தானத்திலிருந்து வந்த சமையல்காரக் குடும்பங்கள் கொண்டுவந்தது என்றுதான் ஊரில் சொல்வார்கள். இன்று அதைவிட்டால் திருநெல்வேலிக்கு என்ன அடையாளம்?

இன்னொரு செய்தியும் அடிக்கடி திரிக்கப்படுகிறது. மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தின் இராமசாமி பிச்சப்பன் குழு உசிலம்பட்டி வட்டாரத்தில் எம்130 என்ற மரபணு அடையாளத்தைக் கண்டது. ஆப்பிரிக்காவிலிருந்து புறப்பட்டுக் கடலோரமாக ஆஸ்திரேலியா வரை போன பழைய மனிதர்களின் தடம் அது. உடனே 'முதல் இந்தியர் நாங்களே' என்று போஸ்டர் மனநிலை வந்துவிட்டது. எம்130 அப்பாவிடமிருந்து மகனுக்கு மட்டும் போகிற ஒய் தொகுதியில் இருப்பது. பத்துத் தலைமுறை பின்னால் போனால் ஒவ்வொருவருக்கும் 1024 மூதாதையர் இடங்கள் உண்டு. ஒய் சொல்வது அதில் ஒரே ஒருவரின் கதை. மற்ற 1023 பேர்?

உலக அளவில் இதையே ரிச்சர்ட் லெவான்டின் என்ற அமெரிக்க மரபியலாளர் 1972-இல் காட்டினார். மனிதர்களுக்குள் இருக்கும் மரபணு வித்தியாசத்தில் சுமார் 85 சதவீதம் ஒவ்வொரு மக்கள்கூட்டத்துக்கும் உள்ளேயே இருக்கிறது. கூட்டத்துக்கும் கூட்டத்துக்கும் நடுவே மிச்சம் கொஞ்சம்தான். ஆதிச்சநல்லூர்த் தாழிகளில் கிடைத்த மண்டை ஓடுகளை அளந்து 'இது இந்த இனம்' என்று பிரித்த காலம் ஒன்று இருந்தது. அளவுகோலை வைத்து இனம் பிரிக்கும் அந்த வேலையை இன்றைய மரபியல் ஒப்புக்கொள்வதில்லை.

பிறவிக் குற்றம்

இந்தப் பேச்செல்லாம் பந்தியோடு முடிந்தால் பரவாயில்லை, சட்டமாகவும் வந்திருக்கிறது. 1871-இல் வெள்ளைக்காரன் குற்றப் பரம்பரைச் சட்டம் கொண்டுவந்தான். 1911-இல் அது மதராஸ் மாகாணத்துக்கும் நீண்டது. ஒரு சாதியில் பிறந்ததே குற்றம். கைரேகை கொடு, ஊரை விட்டுப் போனால் சீட்டு வாங்கு. நம் தென் மாவட்டங்களில் ரேகைச் சட்டம் என்றால் இன்றும் பெரியவர்களுக்கு முகம் மாறும். 1920 ஏப்ரல் 3-இல் பெருங்காமநல்லூரில் எதிர்த்து நின்றவர்கள் சுடப்பட்டார்கள். நாடு முழுக்கப் பட்டியலிலிருந்து பெயர்கள் நீங்கியது 1952 ஆகஸ்டில்தான்.

வருஷத்தைக் கவனியுங்கள். மெண்டல் பட்டாணிச் செடிகளைக் கலந்து கண்டுபிடித்த மரபு விதிகளை உலகம் கவனித்ததே 1900-இல். 1871-இல் மரபணு என்ற சொல்லே கிடையாது. அறிவியல் சொல்லித் தப்பெண்ணம் வரவில்லை. தப்பெண்ணம் முன்னமே உட்கார்ந்திருந்தது, பின்னால் வந்த அறிவியலைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டது. 1883-இல் பிரான்சிஸ் கால்டன் என்ற ஆங்கிலேய அறிஞர், நல்ல 'இனம்' பெருக வேண்டும் என்ற கொள்கைக்கு ஆங்கிலத்தில் 'யூஜெனிக்ஸ்' என்று பெயர் வைத்தார். அமெரிக்காவில் 'புத்தி குறைந்தவர்கள்' என்று முத்திரை குத்திக் கட்டாயக் கருத்தடை செய்ததை 1927-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றமே சரி என்றது. 60,000-க்கு மேற்பட்டவர்கள் பாதிக்கப்பட்டார்கள். 1933-இல் நாஜி ஜெர்மனி சட்டம் போட்டுச் சுமார் நான்கு லட்சம் பேருக்கு அதையே செய்தது. எல்லா இடத்திலும் சொன்ன காரணம் ஒன்றே: அது அவர்கள் ரத்தத்திலேயே இருக்கிறது.

பெரியப்பாவின் சர்க்கரை

இதில் பாதியைப் பந்தி முடிந்து வெற்றிலை போடும்போது பெரியப்பாவிடம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அதெல்லாம் சரிடே. எங்கப்பாவுக்குச் சுகர், எனக்கும் சுகர். இது ஜீனா, இல்லை நான் குடிச்ச பாயசமா?" என்றார்.

"ரெண்டும்தான் பெரியப்பா" என்றேன். நம் நாட்டவர்களுக்கு இந்த நோய் வரும் வாய்ப்பு அதிகம், அதில் எத்தனையோ மரபணுக்களுக்குச் சிறு சிறு பங்கு உண்டு. சென்னையில் டாக்டர் ராமச்சந்திரன் குழு செய்து 2006-இல் வெளியிட்ட ஓர் ஆய்வு இருக்கிறது. சர்க்கரை எல்லையில் நின்றவர்களில் ஒரு பிரிவினரை நடக்கச் சொல்லி, சாப்பாட்டை மாற்றச் சொன்னார்கள். மூன்று ஆண்டில் அந்தப் பிரிவில் நோய் வந்தவர்கள், ஒன்றும் செய்யாத பிரிவைவிட 28.5 சதவீதம் குறைவு.

பெரியப்பா எழுந்து வேட்டியை இறுக்கிக் கட்டினார். "அப்பொ வண்ணார்பேட்டை வரைக்கும் நடந்தே போவோம் வா." வெயில் மண்டையைப் பிளந்தது. முருகன்குறிச்சி தாண்டுவதற்குள் அவரே ஓர் ஆட்டோவைக் கை காட்டி நிறுத்திவிட்டார்.